அச்சத்தை எழுதிய மருத்துவர்

(திரைப்படச் சங்கக் கூட்டமொன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



1977ஆம் ஆண்டு அக்டோபர் மாதம் தெஹ்ரானில் ஒரு தோட்டத்தில் பத்து இரவுகள் தொடர்ந்து கவிதை வாசிப்பு நடந்தது. ஜெர்மன் பண்பாட்டு மையமான கோதே நிலையத்தின் துணையோடு ஈரான் எழுத்தாளர் சங்கம் நடத்திய நிகழ்ச்சி அது. நாலு எழுத்தாளர்கள் ஓரிடத்தில் கூடிப் பேசினாலே ஈரான் மன்னர் ஷாவின் ரகசியப் போலீஸ் குறிப்பெடுத்துக்கொண்டிருந்த காலம். அப்படியிருந்தும் ஆயிரக்கணக்கில் கூட்டம் வந்தது. மழை பெய்த இரவிலும் கலையவில்லை. அந்த மேடையில் ஓரிரவு, சில ஆண்டுகளுக்கு முன்புதான் எவின் சிறையில் கிடந்து வெளியே வந்த ஓர் எழுத்தாளர் பேச எழுந்தார். அவர் பேசியது போலிக் கலைஞர்களைப் பற்றி. தணிக்கை செய்வது வாயை மூடுவதோடு நின்றுவிடுவதில்லை, மூடிய வாய் இருந்த இடத்தில் ஆட்சிக்கு வேண்டியதைப் பாடும் இன்னொரு வாயைக் கொண்டுவந்து வைக்கிறது என்பது அந்தப் பேச்சின் சாரம்.

அவர் பெயர் குலாம் ஹுசைன் சாயிதி. மனநல மருத்துவர், சிறுகதைக்காரர், நாவலாசிரியர், நாடகாசிரியர், திரைக்கதை ஆசிரியர், கிராமங்களை ஆராய்ந்து நூல் எழுதியவர், இதழாசிரியர். இவ்வளவும் நாற்பத்தொன்பது வயதுக்குள். நம்மிடையே ஈரானியப் படம் என்றால் உடனே கியாரொஸ்தமியும் மக்மல்பாஃபும் மஜீதியும் நினைவுக்கு வருவார்கள். அவர்களுக்கெல்லாம் பாதை போட்ட படங்களின் பின்னால் சாயிதி இருக்கிறார். படத்தை எடுத்தவரின் பெயர் உலகம் சுற்றியது, எழுதியவரின் பெயர் வீட்டோடு நின்றுவிட்டது. அந்தக் குறையைக் கொஞ்சமாவது தீர்க்க வேண்டும் என்பதற்காகத்தான் இன்று இந்தத் தலைப்பை எடுத்துக்கொண்டேன்.

சாயிதி பிறந்தது 1936 ஜனவரியில், வடமேற்கு ஈரானின் தப்ரீஸ் நகரத்தில். தாய்மொழி அஜர்பைஜானியத் துருக்கி. வீட்டில் பேசுவது அது, பள்ளிக்கூடத்தில் படிப்பது பாரசீகம். 1945 கடைசியில் அந்தப் பகுதியில் ஒரு தன்னாட்சி அரசு அமைந்தது. ஓராண்டுதான் நீடித்தது. அந்த ஓராண்டு பள்ளிகளில் துருக்கியில் பாடம் நடந்தது. 1946 டிசம்பரில் மத்திய அரசின் படை நுழைந்ததும் துருக்கிப் பாடப்புத்தகங்கள் நெருப்பில் போடப்பட்டன. அப்போது சாயிதிக்குப் பத்து வயது. பிற்காலத்தில் அவர் எழுதியதெல்லாம் பாரசீகத்தில்தான். ஆனாலும் அவருடைய கதை மாந்தர்கள் பேசும் பேச்சில் ஒரு தயக்கம் இருக்கும். ஒருவர் கேட்பதற்கு மற்றவர் நேராகப் பதில் சொல்லமாட்டார். அதை அந்தப் பத்து வயதோடு சேர்த்துப் பார்க்காமல் என்னால் இருக்க முடியவில்லை.

பதின்ம வயதிலேயே இடதுசாரி இளைஞர் பத்திரிகைகளில் எழுதத் தொடங்கிவிட்டார். 1953 ஆகஸ்டில் பிரதமர் மொசாதெக்கின் அரசு கவிழ்க்கப்பட்டபோது பிடிபட்டுச் சில மாதம் தப்ரீஸ் சிறையில் இருந்தார். பிறகு தப்ரீஸ் பல்கலைக்கழகத்தில் மருத்துவம் படித்தார். பட்டத்துக்காக அவர் எழுதிய ஆய்வேடு, அஜர்பைஜான் பகுதி மக்களின் நரம்புத் தளர்ச்சிக்கும் மனக்கோளாறுகளுக்கும் உள்ள சமூகக் காரணங்களைப் பற்றியது. ஒரு மனிதனுக்குப் பைத்தியம் பிடித்தால் அந்த ஊரில் என்ன நடந்தது என்று முதலில் விசாரி: மாணவனாக இருக்கும்போதே அவர் பிடித்துக்கொண்ட கேள்வி இதுதான். கடைசிவரை விடவில்லை.

நாடகங்களுக்கு கோஹர் முராத் என்ற புனைபெயரை வைத்துக்கொண்டார். தப்ரீஸில் தன் வீட்டருகே இருந்த இடுகாட்டில் ஒரு கல்லறையில் பார்த்த பெயர் அது என்று சொல்வார்கள்.

1960களின் தொடக்கத்தில் தெஹ்ரானுக்கு வந்தார். மனநல மருத்துவத்தில் பயிற்சி பெற்றார். நகரத்தின் தெற்குப் பகுதியில், தெல்கோஷா தெருவில், மருத்துவரான தன் தம்பியோடு சேர்ந்து ஒரு சிகிச்சை நிலையம் நடத்தினார். தெற்குத் தெஹ்ரான் என்றால் ஏழைகள், கிராமத்திலிருந்து பிழைக்க வந்தவர்கள். இரவு பகல் பாராமல் கதவு திறந்திருக்கும். காசு இல்லாதவரிடம் காசு கேட்பதில்லை. ஒரு பக்கம் நோயாளிகள், இன்னொரு பக்கம் எழுத்தாளர்கள். கட்டுரையாளர் ஜலால் ஆல்-எ அஹ்மத், கவிஞர் அஹ்மத் ஷாம்லு, தப்ரீஸிலிருந்து வரும் பள்ளி ஆசிரியரும் குழந்தைக் கதைக்காரருமான ஸமத் பெஹ்ரங்கி எல்லோருக்கும் அது சந்திக்கும் இடமாக இருந்தது. அந்த அறையில் காதில் விழுந்தவைதான் அவருடைய நகரத்துக் கதைகள்.

கிராமத்துக் கதைகள் வேறு வழியில் வந்தன. தெஹ்ரான் பல்கலைக்கழகத்தின் சமூக ஆய்வு நிறுவனத்துக்காக அவர் ஊர் ஊராகப் போய்த் தங்கி நூல்கள் எழுதினார். தப்ரீஸ் அருகே உள்ள இல்க்சி என்ற ஊரைப் பற்றி ஒன்று, மெஷ்கின்ஷஹர் பற்றி ஒன்று. மூன்றாவது நூல் 1966இல் வந்தது. பெயர் 'அஹ்ல்-எ ஹவா', அதாவது காற்றின் மக்கள். இந்த நூலைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் சாயிதியைப் புரிந்துகொள்ள இதைவிட நல்ல வாசல் எனக்குத் தெரியவில்லை.

பாரசீக வளைகுடாவின் கரையில் பந்தர் அப்பாஸ், லெங்கே, கேஷ்ம் தீவு ஆகிய இடங்களில் மீனவர்களும் முத்துக்குளிப்பவர்களும் கப்பல் தொழிலாளர்களும் வாழ்கிறார்கள். ஆப்பிரிக்கக் கரையிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்களின் வம்சாவளியினரும் அவர்களில் உண்டு. அங்கே ஒருவருக்கு இனம்தெரியாத நோய் வந்தால் அவரைக் காற்று பிடித்துக்கொண்டது என்பார்கள். 'ஸார்' என்பது அத்தகைய காற்றுகளில் ஒரு வகை. நோயாளியைப் பாபா என்றோ மாமா என்றோ அழைக்கப்படும் பெரியவரிடம் கொண்டுபோவார்கள். சில நாள் தனியே வைத்திருந்து, பிறகு ஊர் கூடிப் பறை அடித்துப் பாடுவார்கள். பறையின் வேகம் ஏற ஏற நோயாளிக்கு உள்ளே இருக்கும் காற்று வாய் திறக்கும். தன் பெயரைச் சொல்லும். எங்கிருந்து வந்தேன் என்று சொல்லும். மோதிரம் வேண்டும், பிரம்பு வேண்டும் என்று கேட்கும். கேட்டதைக் கொடுத்தால் சமாதானமாகும். போய்விடாது. அந்த ஆள் ஆயுள் முழுவதும் அந்தக் காற்றோடுதான் வாழ வேண்டும். அவரும் காற்றின் மக்களில் ஒருவராகிவிடுவார்.

நம்மூரில் பேயோட்டும் சடங்கையும் உடுக்கைப் பாட்டையும் பார்த்தவர்களுக்கு இதில் பாதி விளங்கிவிடும். மனநலம் படித்த ஒரு மருத்துவர் இதை மூடநம்பிக்கை என்று ஒதுக்கியிருக்கலாம். சாயிதி அப்படிச் செய்யவில்லை. யாருக்கு அதிகம் காற்று பிடிக்கிறது என்று கவனித்தார். வறியவர்களுக்கு, கறுப்பர்களுக்கு, கடலில் ஆளை இழந்தவர்களுக்கு. வசதி உள்ளவர்களைக் காற்று அவ்வளவாகத் தொடுவதில்லை. நாள் முழுவதும் யாரும் மதிக்காத ஒருவர், காற்று பிடித்த இரவில் ஊரே சுற்றி உட்கார்ந்து கேட்கும்படி பேசுகிறார். அதைச் சிகிச்சை என்று ஒப்புக்கொள்ள மருத்துவரான சாயிதிக்குத் தயக்கம் இருந்ததாகத் தெரியவில்லை. வளைகுடாக் கரையைச் சேர்ந்த இயக்குநர் நாசர் தக்வாயி இதே சடங்கை 'ஜின் காற்று' என்று ஆவணப்படமாக எடுத்தார்.

அந்தக் கரையிலிருந்து சாயிதி திரும்பி வந்தபோது கையில் ஆய்வு நூலோடு இன்னொரு புத்தகமும் கருவாகியிருந்தது. 1968இல் வெளிவந்த 'தர்ஸ் ஓ லர்ஸ்', அச்சமும் நடுக்கமும். கடலோரச் சிற்றூர் ஒன்றில் நடக்கும் ஆறு தொடர்கதைகள். ஒவ்வொரு கதையிலும் வெளியிலிருந்து ஏதோ வருகிறது. கடைசிக் கதையில் ஒரு பெரிய கப்பல் வருகிறது, அந்நியர்கள் இறங்கிக் கூடாரம் போடுகிறார்கள். ஊர்க்காரர்களுக்குச் சாப்பாடு போடுகிறார்கள், பொருள் கொடுக்கிறார்கள். மக்கள் தொழிலை விட்டுவிட்டுத் தின்று தின்று ஊதிப் போகிறார்கள். பிறகு கப்பல் கிளம்பிவிடுகிறது. மீன்பிடிக்கப் பழகிய கைகளுக்கு இப்போது மிச்சமிருப்பது ஒருவரை ஒருவர் கொள்ளையடிப்பது. எண்ணெய்ப் பணம் கரைபுரண்டு ஓடுவதற்குச் சில ஆண்டுகள் முன்பே எழுதிய கதை இது. எழுதியவர் எண்ணெய் என்ற சொல்லையே இழுக்காமல் இதைச் சாதித்திருப்பது எனக்குப் பெரிய வியப்பு.

இனி, சாயிதியின் கதையிலிருந்து வந்த 'பசு' படத்துக்கு வருவோம்.

1964இல் 'பாயல் கிராமத்தின் துக்கக்காரர்கள்' என்ற தொகுப்பு வந்தது. ஒரே ஊரில் நடக்கும் எட்டுக் கதைகள். பஞ்சம், சாவு, திருட்டு, பக்கத்து ஊர்க்காரன் வருவானோ என்ற பயம். ஒரு கதையில் சாலையில் கிடந்த பெரிய உலோகப் பெட்டி ஒன்றை ஊருக்குக் கொண்டுவந்து, அது என்னவென்று தெரியாமல் புனிதப் பொருள் என்று எண்ணி, சுற்றி அமர்ந்து அழுது தொழுகிறார்கள். கடைசியில் அமெரிக்க ராணுவத்தார் வந்து தங்கள் பெட்டியை எடுத்துப் போய்விடுகிறார்கள். நான்காம் கதை மஷ்தி ஹசனுடையது. ஊரிலேயே பசு வைத்திருப்பவன் அவன் ஒருவன்தான். அவன் வெளியூர் போன நேரத்தில் பசு செத்துவிடுகிறது. இதைக் கேட்டால் தாங்கமாட்டான் என்று ஊரார் பயந்து பசுவைக் கிணற்றில் போட்டு மூடிவிட்டு, ஓடிப்போய்விட்டது என்று சொல்கிறார்கள். அவன் நம்பவில்லை. தொழுவத்தில் போய் உட்காருகிறான். வைக்கோல் தின்கிறான். நான் ஹசன் இல்லை, ஹசனின் பசு என்கிறான்.

முதலில் தொலைக்காட்சி நாடகமாக வந்த இந்தக் கதையை, அமெரிக்காவில் தத்துவம் படித்துவிட்டு வந்திருந்த இளம் இயக்குநர் தாரியுஷ் மெஹ்ர்ஜுயி 1969இல் படமாக்கினார். திரைக்கதை இருவரும் சேர்ந்து எழுதியது. ஹசனாக நடித்தவர் எஸ்ஸத்துல்லா எந்தெசாமி, ஊரின் விவேகி இஸ்லாமாக அலி நஸீரியான். பணம் போட்டது அரசின் பண்பாட்டு அமைச்சகம். எடுத்து முடித்ததும் அதே அரசுக்குச் சங்கடம். எண்ணெயும் நவீனமும் பேசிக்கொண்டிருந்த நாட்டில் இப்படி ஒரு வறண்ட கிராமமா? முதலில் தடுத்தார்கள். பிறகு, இது நாற்பது ஆண்டுகளுக்கு முன் நடந்த கதை என்று படத்தில் எழுதிக் காட்டச் சொன்னார்கள். 1971இல் படச்சுருள் கள்ளத்தனமாக வெனிஸ் திரைவிழாவுக்குப் போனது. துணைத்தலைப்பு கூட இல்லாமல் திரையிட்டும் விமர்சகர்கள் பரிசு கொடுத்தார்கள்.

பாசம் மிகுந்து ஒருவன் பித்தானான் என்று இந்தப் படத்தை விளக்குபவர்கள் உண்டு. எனக்கு அது போதவில்லை. ஊராரைப் பாருங்கள். அவர்கள் கெட்டவர்கள் இல்லை. எல்லோரும் இரக்கத்தோடுதான் பொய் சொல்கிறார்கள். அந்தப் பொய்க்கு ஊர் முழுதும் உடன்பட்டுவிட்ட பிறகு, ஹசன் ஒருவன்தான் உண்மையின் பக்கம் நிற்கிறான். பசு செத்துவிட்டது என்று அவனுக்கு உள்ளூரத் தெரியும். அது ஓடிப்போகவில்லை, இங்கேதான் இருக்கிறது என்று நிரூபிக்க அவன் உடம்பையே கொடுக்கிறான். இறுதியில் அவனைக் கயிற்றால் கட்டி நகரத்து மருத்துவமனைக்கு இழுத்துப் போகிறார்கள். மழை, சேறு. நகர மறுக்கிறான். அவன்மேல் அத்தனை அன்பு வைத்திருந்த இஸ்லாமே, மாட்டை அடிப்பதுபோல் அடித்து, மாட்டை அதட்டும் சொல்லால் அதட்டுகிறான். அந்த நொடியில் ஹசன் மற்றவர்கள் கண்ணிலும் பசுவாகிவிடுகிறான். மனநல மருத்துவர் ஒருவர்தான் இதை எழுதியிருக்க முடியும். நோய் நோயாளிக்குள் முடிந்துவிடுவதில்லை, சுற்றி நிற்பவர்களின் கையில் பிரம்பாக வந்து முடிகிறது.

இதே படத்தில் குன்றின்மேல் நிழல்போல் வந்து நிற்கும் மூன்று பேர் உண்டு, புலூர் ஊர்க்காரர்கள். ஊரார் எல்லாக் கேட்டுக்கும் அவர்களைத்தான் சொல்வார்கள். அவர்கள் யார், என்ன வேண்டும், ஏன் இந்தப் பகை, எதுவும் படத்தில் சொல்லப்படுவதில்லை. பயப்படுவதற்கு அவ்வளவு தெரிந்தால் போதும்.

மற்ற இரண்டு படங்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். சாயிதியின் கதையிலிருந்து தக்வாயி எடுத்த முதல் முழுநீளப் படம் 'பிறர் முன்னிலையில் அமைதி'. ஓய்வு பெற்ற ராணுவ கர்னல் ஒருவர், செவிலியர்களான தன் இரு மகள்களின் வீட்டுக்குத் தெஹ்ரான் வந்து மனம் சிதைந்துபோகும் கதை. அதுவும் சில ஆண்டுகள் தடையில் கிடந்தது. அடுத்தது, மெஹ்ர்ஜுயியுடன் மறுபடி சேர்ந்து 1974இல் எடுத்த 'வட்டம்'. 'குப்பைமேடு' என்ற சாயிதியின் கதையே அதற்கு மூலம். நோயாளித் தந்தையோடு நகரத்து ஆஸ்பத்திரிக்கு வரும் அலி என்ற பையன், ரத்தத் தரகனின் கையில் சிக்குகிறான். போதைக்கு அடிமையானவர்களிடமும் பட்டினி கிடப்பவர்களிடமும் ரத்தம் வாங்கி மருத்துவமனைகளுக்கு விற்கும் வியாபாரம். படத்தின் முடிவில் அந்தப் பையன் தந்தையின் சாவுக்கும் நேரத்தில் வராமல், தொழிலைக் கற்றுத் தேறிவிடுகிறான். மருத்துவத் துறையினரின் எதிர்ப்பால் படம் மூன்று ஆண்டுகளுக்கு மேல் முடங்கியது. ஒரு மருத்துவரே தம் துறையைப் பற்றி எழுதிய கதை என்பதால் அவர்களுக்குக் கூடுதலாக வலித்திருக்கும். ஈரானில் முறையான தேசிய ரத்த வங்கி அமைப்பு தொடங்கியதும் அதே 1974இல்தான்.

அதே ஆண்டு சாயிதி கைதானார். புதிய குடியிருப்புகளைப் பற்றிய ஆய்வுக்காக வெளியூர் சென்றிருந்தபோது ஷாவின் ரகசியப் போலீஸான சாவாக் அவரைப் பிடித்தது. ஏறக்குறைய ஓராண்டு எவின் சிறை, சித்திரவதை. வெளியே வந்தபின் அவருடைய பேட்டி என்று ஒன்று செய்தித்தாளில் வந்தது. மனம் மாறியவர் பேசுவதுபோல். அது தன்னுடையதல்ல என்று அவர் கடைசிவரை சொன்னார். சிறையிலிருந்து வந்தவர் பழைய சாயிதி இல்லை என்பது நண்பர்களின் சாட்சியம். தொடக்கத்தில் நான் சொன்ன கோதே நிலையப் பேச்சில் போலிக் குரலைப் பற்றி ஏன் அவ்வளவு கொதித்தார் என்பதற்கு இந்தப் பேட்டிக் கதைதான் விளக்கம் என்று நினைக்கிறேன்.

1979இல் புரட்சி. ஷா போனார். வெளிநாட்டில் இருந்த சாயிதி நாடு திரும்பினார். புதிய ஆட்சியில் திரையரங்குகளே இருக்குமா என்ற கேள்வி எழுந்தபோது அதன் தலைவர் ஆயத்துல்லா கொமெய்னி 'பசு' படத்தைப் பாராட்டிப் பேசினார். ஈரானியத் திரைப்படம் பிழைத்ததற்கு அந்தப் பாராட்டு ஒரு காரணம் என்று இன்றைக்கும் சொல்கிறார்கள். படத்தைப் பாராட்டிய அந்த ஆட்சிதான் அதை எழுதியவரை வேட்டையாடியது. 1981 ஜூனில் நாடகாசிரியர் சயீத் சுல்தான்பூர் சுட்டுக்கொல்லப்பட்டார். தலைமறைவாக இருந்த சாயிதி மலைவழியே பாகிஸ்தானுக்குள் தப்பி, 1982இல் பாரிஸ் போய்ச் சேர்ந்தார்.

பாரிஸ் வாழ்க்கையை அவர் வெறுத்தார். பிரெஞ்சு கற்க மறுத்தார். அந்த நகரத்தின் கட்டடங்கள் தனக்கு நாடகத்துத் திரைச்சீலைபோல் தோன்றுகின்றன, எதுவும் நிஜமாகப் படவில்லை என்று எழுதியிருக்கிறார். தானாக நாட்டை விட்டு வந்தவனும் துரத்தப்பட்டு வந்தவனும் ஒன்றல்ல என்று ஒரு கட்டுரையில் வாதிட்டார். நோயாளிகளின் பேச்சைக் கேட்டு எழுதிய ஆளுக்கு அங்கே கேட்பதற்குப் பேச்சில்லை. இருந்தும் எழுதினார். 1970களில் தெஹ்ரானில் நடத்திய 'அலெஃப்பா' இதழைப் பாரிஸில் மறுபடி கொண்டுவந்தார். 'அற்புத நாட்டில் ஒத்தெல்லோ' என்ற நாடகம் இந்தக் காலத்தில் எழுதியது. ஷேக்ஸ்பியர் நாடகத்தை மேடையேற்ற அனுமதி கேட்டு நிற்கும் ஒரு குழுவிடம், தெஸ்தமோனா முக்காடு போட வேண்டும் என்பதில் தொடங்கி ஒவ்வொன்றாக மாற்றச் சொல்கிறார்கள் அதிகாரிகள். வயிறு வலிக்கச் சிரிக்க வைக்கும் நாடகம். அதை எழுதிய காலத்தில் அவர் குடியில் உடலைக் கரைத்துக்கொண்டிருந்தார். 1985 நவம்பர் 23 அன்று பாரிஸ் மருத்துவமனையில் இறந்தார். பெர் லஷேஸ் இடுகாட்டில், ஈரானிய நவீன உரைநடையின் மூலவரான சாதிக் ஹிதாயத் கிடக்கும் இடத்துக்கு அருகில் புதைத்தார்கள்.

சாயிதி எழுதியதெல்லாம் தேறுமா? தேறாது. அவசரமாக எழுதினார், அதிகமாக எழுதினார். ஈரானின் அரசமைப்புப் புரட்சியைப் பற்றிய நாடகங்களில் பாத்திரங்கள் சில இடங்களில் மேடைப் பேச்சாளர்களாகிவிடுகிறார்கள். உரைநடையில் மெருகு குறைவு என்ற குறையும் சொல்லப்படுவதுண்டு. அதை நான் குறையாக எடுத்துக்கொள்ளவில்லை. பன்முகம் கொண்டவர் என்று அவரைப் புகழ்பவர்கள்கூட, இத்தனை துறையில் கையை வைக்காமல் இருந்திருந்தால் என்று ஒரு பெருமூச்சு விடுவார்கள். அந்தப் பெருமூச்சோடு எனக்கு உடன்பாடில்லை. ஆய்வேட்டில் தொடங்கி ஒத்தெல்லோ வரை அவர் பதிவு செய்தது ஒன்றே ஒன்றுதான்: ஒரு கூட்டம் பயந்துபோனால் தனக்குத் தானே என்ன செய்துகொள்கிறது என்பது. கிராமத்து ஆய்வு இல்லாமல் கடலோரக் கதை இல்லை. தெல்கோஷா தெரு இல்லாமல் 'வட்டம்' இல்லை.

படிக்க விரும்புகிறவர்கள் 'அச்சமும் நடுக்கமும்' நூலிலிருந்து தொடங்குங்கள், ஆங்கிலத்தில் கிடைக்கிறது. நாடகக்காரர்கள் இங்கே சிலர் இருக்கிறீர்கள். உங்களுக்கு ஒரு வேண்டுகோள். 1965இல் அவர் எழுதிய 'வராஸீல் ஊரின் தடிக்காரர்கள்' என்ற நாடகத்தைத் தேடி எடுங்கள். காட்டுப்பன்றிகள் பயிரை அழிக்கின்றன. தடியோடு காவல் நின்று அலுத்துப்போன ஊரார் துப்பாக்கிக்காரர் இருவரை வரவழைக்கிறார்கள். பன்றி ஒழிகிறது. வேட்டைக்காரர்கள் போக மறுத்து, ஊர்த் தானியத்தைத் தின்று தீர்க்கிறார்கள். அவர்களைத் துரத்த இன்னும் இரு துப்பாக்கிக்காரர்களைக் கூட்டிவருகிறார்கள். இரு தரப்பும் எதிரெதிரே நிற்கின்றன. பிறகு நான்கு துப்பாக்கிகளும் மெல்லத் திரும்பி ஊராரைக் குறிபார்க்கின்றன. பெரிய அரங்க அமைப்பு எதுவும் வேண்டாம். பத்துப் பதினைந்து நடிகர்களும் சில தடிகளும் போதும். யாராவது மொழிபெயர்த்துச் செய்ய முன்வந்தால் என்னால் ஆன எல்லா உதவியும் செய்வேன்.